மஞ்சு பார்க்காத துணி

பழவேற்காடு ஏரித் தீவான பசியாவரத்தில் அந்தத் துணியைப் பார்க்காத ஒரே ஆள் விமலின் பெண்டாட்டி மஞ்சுதான். இத்தனைக்கும் அது தொங்கியது அவள் வீட்டுச் சுவரில். ஒரே அறைக்குள் சமைத்து, சாப்பிட்டு, படுத்து எழுந்துகொண்டு, ஒரு சுவரை மட்டும் இரண்டு மாதம் ஒருத்தி திரும்பிப் பார்க்கவில்லை என்றால் அவளுக்கு எவ்வளவு பயம் இருந்திருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

துணி விமலின் வலையில் வந்தது. மாசி மாதம், முகத்துவாரத்துப் பக்கம், இறாலுக்குப் போட்ட வலையில் தார்ப்பாய் சுற்றிய மூட்டை ஒன்று மாட்டியது. எந்தக் கப்பலிலிருந்து விழுந்ததோ. உள்ளே பாய் அகலத்துக்குக் கனமான கம்பளித் துணி. நூலிலேயே நெய்த படம். விமல் அதை உதறிச் சுவரில் மாட்டும்போது மஞ்சு ஏரியில் இருந்தாள். முதலில் எட்டிப் பார்த்தது பக்கத்து வீட்டுப் பொன்னியம்மாள்.

"ஐய, இது எங்க ஊட்டுக்காரரு! படவுல குந்திக்கினு பீடி புடிக்கிறாரு" என்று அலறினாள். அவள் புருஷன் செத்து ஆறு வருஷம் ஆகிறது. விமலின் கண்ணுக்குப் படகும் இல்லை, பீடியும் இல்லை. பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கணுக்கால் தண்ணீரில் சுபா நின்றாள்.

சுபஸ்ரீ அவர்களுடைய ஒரே மகள். ஒன்பது வயது. போன ஐப்பசியில் காய்ச்சல் கண்டது. காற்று பேயாக அடித்த ராத்திரி. படகை எடுக்கத் தயங்கிய விமல், "விடியட்டும், பழவேற்காட்டுக்கு இட்டுக்கினு போலாம்" என்றான். விடிந்தபோது கூட்டிக்கொண்டு போக மகள் இல்லை. "நீதான்யா என் பொண்ண கொன்னே" என்று எல்லார் முன்னாலும் மஞ்சு கத்தினாள். ஒரே ஒரு தடவைதான் சொன்னாள். அதற்குப் பிறகு இருவரும் பிள்ளையின் பேரை எடுக்கவில்லை. அந்தச் சொல்லைத் திரும்ப வாங்கிக்கொள்ள வேண்டும், அவனோடு உட்கார்ந்து ஒரு நாளாவது சேர்ந்து அழ வேண்டும் என்று அவள் மனம் கிடந்து தவித்தது. வாய்தான் வரவில்லை.

இந்த நிலையில் துணி வந்து சேர்ந்தது.

"வந்து பாருமே. இன்னிக்கு ரெட்ட ஜடை போட்டுக்கினு கீறா" என்று விமல் கூப்பிடுவான்.

"ரெண்டு பேரும் குந்திக்கினா அடுப்ப யாரு மூட்றது?" என்று முதுகைக் காட்டியபடியே மஞ்சு சொல்வாள். அது வெளியே சொன்ன காரணம். ஒரு தடவை பார்த்துவிட்டால் அந்த இடத்தைவிட்டு எழுந்திருக்க மாட்டோம் என்பது அவளுக்கே தெரியும்.

ஒரு நாள் சோறு போடும்போது, பேச்சைத் தொடங்கிவிடலாம் என்று துணிந்து, "சின்னதா இருக்கசொல்ல எறாலை அவ இன்னான்னு சொல்லுவா, ஞாபகம் கீதா?" என்று கேட்டாள். விமல் யோசித்தான். யோசிக்க யோசிக்க அவன் முகம் வெறிச்சோடிப் போனது. எச்சில் கையோடு எழுந்துபோய்த் துணியைப் பார்த்துவிட்டு வந்து, "ராலா" என்றான். அப்புறம் மகளின் டீச்சர் பேர், அவளுக்குப் பிடித்த மீன் என்று எதைக் கேட்டாலும் அவன் எழுந்துபோய்ப் பார்த்துவிட்டுத்தான் பதில் சொன்னான். துக்கத்தில் புத்தி தடுமாறுகிறது என்று அவள் நினைத்துக்கொண்டாள். அங்கேதான் அவள் ஏமாந்தாள்.

ஏரியில் யார் எந்த நாளில் எந்த இடத்தில் வலை கட்டலாம் என்பதற்கு ஊர் முறை வைத்திருக்கிறது. அதற்குப் பாடு என்று பெயர். வீட்டில் பிணம் கிடந்தாலும் பாட்டுக்கு ஆள் அனுப்பிவிட்டுத்தான் அழுவார்கள். சித்திரையில் விமலின் பாடு வந்தது. வாசலில் நின்று நாலு பேர் தொண்டை கிழியக் கூப்பிட்டார்கள். அவன் துணியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. முறை அடுத்தவனுக்குப் போனது. பாட்டை விட்டவன் இனி எதைத்தான் விடமாட்டான்? துணியை ஒழித்துவிடுவது என்று மஞ்சு அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள்.

அவளுக்குக் கண் தேவையில்லை. பனையோலைப் பறிக்கூடையைப் பல்லால் கடித்துக்கொண்டு, கழுத்தளவுத் தண்ணீரில் தவழ்ந்து, சேற்றுக்குள் இறாலைக் கையாலேயே தடவிப் பிடிக்கிறவள் அவள். மத்தியானம் விமல் சுவரடியில் அசந்து தூங்கும்போது துண்டை எடுத்துக் கண்ணைக் கட்டிக்கொண்டாள். தடவித் தடவித் துணியின் கீழ் விளிம்பைப் பிடித்தாள். ஒரு நூல்முனை அகப்பட்டது. இழுத்தாள். கடகடவென்று அவிழ்ந்தது. பார்க்கிற ஆளைத்தான் இது பிடித்துக்கொள்ளும், கையை என்ன செய்யும் என்று அவளுக்குத் தைரியம் வந்தது.

பாதித் துணி போயிருக்கும். விரலில் முடி பட்டது. கம்பளி இல்லை, முடி. பிடரியில் தடித்து, போகப் போக மெலிந்து, நுனியில் ரப்பர் பேண்டு சுற்றிய சடை. ஒன்பது வருஷம் வாரிய கை. அதற்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

துண்டை அவிழ்த்தால் பிள்ளை எதிரே நிற்பாள். அவள் கை துண்டு வரைக்கும் போனது. அப்போது பின்னால் விமல் தூக்கத்தில் முனகினான், சீக்குக்காரனின் குரலில்.

"மன்னிச்சுக்கோ கண்ணு. உங்க நைனா எனக்கு வேணும்" என்றாள். வெள்ளிக்கிழமை எண்ணெய் தேய்க்க அவிழ்ப்பதைப் போல நுனியிலிருந்து சடையை அவிழ்த்தாள். கடைசி நூல் கையோடு வந்ததும் துண்டை எடுத்தாள். வெறும் சுவர். காலடியில் ஈர நூல் குவியல்.

"இன்னாமே இவ்ளோ நூலு? பசிக்குது" என்று விமல் எழுந்து உட்கார்ந்தான்.

இரண்டு மாதத்தில் அவனாகப் பசி என்று சொன்னது அன்றுதான். மஞ்சு ஓடி ஓடிப் பரிமாறினாள். நண்டுக் குழம்பை உறிஞ்சி உறிஞ்சிச் சாப்பிட்டான். பாடு போன கதையைச் சொன்னதும், "போனா போவுது, அடுத்த மொறைக்குப் பாத்துக்கலாம்" என்றான். கல்யாணமான புதிதில் பார்த்த தெளிவு அந்த முகத்தில் இருந்தது. சந்தோஷத்தில் அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இப்போது சொல்லாவிட்டால் இனி எப்போதும் சொல்ல வராது என்று அவன் எதிரே உட்கார்ந்தாள்.

"யோவ், அன்னிக்கு நான் சொன்னது தப்புய்யா. காத்து அப்டி அடிச்சுது, நீ இன்னா பண்ணுவே? சுபா மேல உன் உசுரையே வெச்சிருந்தியே. உன்னப் போய்..."

விமல் நண்டுக் காலைக் கடிப்பதை நிறுத்தினான்.

"எந்த சுபா?"

நடிக்கிறானோ என்று அவன் கண்ணைப் பார்த்தாள். நடிப்பு இல்லை. மகளும் இல்லை. அவன் தினமும் பார்த்துப் பார்த்து மகளைக் கொஞ்சம் கொஞ்சமாக அந்தத் துணியில் இறக்கி வைத்திருக்கிறான். அவள் அதை நூல் நூலாக உருவிப் போட்டுவிட்டாள். இனிமேல் அவனுக்குச் சொல்லிக்கொடுக்கலாம். பிள்ளை பிறந்ததிலிருந்து ஒவ்வொன்றாகச் சொன்னால், கடைசியில் அந்தக் காற்றடித்த ராத்திரியையும் அவன் கையில் கொடுத்தாக வேண்டும்.

"யாருமில்ல. நீ துண்ணு" என்றாள். சொல்லி முடிப்பதற்குள் உடைந்து, வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு அழுதாள்.

விமல் பதறிப்போய்க் கையைக் கழுவிக்கொண்டு வந்தான். பக்கத்தில் உட்கார்ந்து, துக்கம் விசாரிக்க வந்தவனைப் போல அவள் முதுகைத் தடவிக்கொடுத்தான்.

"அழுவாதமே" என்றான். "சொல்லு, யாரு செத்துட்டாங்க?"