ஜூன் மாதத்தில் ஒட்டிய ஜன்னல்

1971 ஜூன் 8, செவ்வாய். இன்று ஒரு சிறு தவறு. செட்டில் இருந்த ஜன்னலை நிஜமாகவே ஒட்டிவிட்டேன்.

நாட்குறிப்பில் எழுதியதைப் படித்துப் பார்த்து, 'சிறு' என்பதை அடித்தாள் தாய்ஸியா. வேலை முடிந்து அவள் படிக்கப் போகும் மாலை வகுப்பு தொடங்கக் கால் மணி நேரம் இருந்தது.

லெனின்கிராட் சினிமா ஸ்டூடியோவில் ஆறு வருடமாக அவள் உதவிக் கலை இயக்குநர். அவள் வரைந்த நாற்காலிகளில் பெரிய பெரிய நடிகர்கள் உட்கார்ந்து எழுந்து போயிருக்கிறார்கள். திரையில் அவள் பெயர் மட்டும் 'உதவி' இல்லாமல் ஒருமுறைகூட வந்ததில்லை. இந்தப் படத்தின் கலை இயக்குநர் காலை ஒடித்துக்கொண்டதால் முழு செட்டும் அவள் கைக்கு வந்தது. இன்றைய காட்சி ஒழுங்காக முடிந்தால் படம் அவளுடையது. சொதப்பினால் மாஸ்கோவிலிருந்து வேறு ஆள் வருவார் என்று இயக்குநர் வக்தாங் லெவனோவிச் முன்னமே சொல்லியிருந்தார்.

காட்சி ஜனவரியில் நடக்கிறது. வீட்டை விட்டுப் போகும் கணவனை மனைவி ஜன்னலைத் திறந்து கூப்பிடுகிறாள். குளிர் புகாமலிருக்க வீட்டில் அக்டோபரில் செய்வது போலவே தாய்ஸியா செய்தாள். இரட்டைக் கண்ணாடிக்கு நடுவில் பஞ்சு அடைத்தாள், மாவுப் பசை காய்ச்சினாள், இடுக்குகளில் காகிதப் பட்டைகளை மூன்று அடுக்கு ஒட்டினாள். மேல் மூலையில் காற்றுக்காக இருக்கும் குட்டிக் கதவை மட்டும் விட்டுவைத்தாள். குளிர்காலத்தில் ஜன்னலைத் திறப்பது என்றால் அவளுக்கு அந்தக் குட்டிக் கதவுதான். வேறொரு அர்த்தம் இருக்கும் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை.

இயக்குநரோ சுகுமிக்காரர். குளிர் அதிகமில்லாத தெற்குக் கடற்கரை ஊர். பெரிய கதவு இரண்டும் படாரென்று திறக்க வேண்டும் என்று நினைத்திருந்தார். இழுத்துப் பார்த்தார். கைப்பிடி மட்டும் கையோடு வந்தது.

"இது ஜன்னலா, சுவரா?"

"லெனின்கிராட் ஜன்னல், வக்தாங் லெவனோவிச்" என்றார் தச்சர் ஸவேலி. "மே மாசம் வரைக்கும் இப்படித்தான் இருக்கும்." பிறகு தாய்ஸியா பக்கம் திரும்பி, அவளை அப்பா பெயரால் கூப்பிட்டார். "பசையில என்னத்தக் கலந்த, யெகோரோவ்னா? இவ்ளோ கெட்டியா யாரும் கல்யாணம்கூடப் பண்ணிக்கிறதில்ல."

பட்டைகளைப் பிரித்து, சட்டத்துக்கு மறுபடி வண்ணம் பூச அரை நாள் ஆகும். நடிகை அக்லாயா ட்ரோஃபிமோவ்னாவுக்கோ நான்கு மணிக்குக் கீவ் ரயில். மாஸ்கோவுக்கு ஃபோன் போடலாமா என்று இயக்குநர் யாரிடமோ கேட்டார். தாய்ஸியா கைப்பிடியை வாங்கி, அது இருந்த இடத்தில் வைத்து அழுத்திக்கொண்டு நின்றாள், அப்படி நின்றால் ஒட்டிக்கொள்ளும் என்பது போல.

கம்பளிச் சால்வையில் வியர்த்துக்கொண்டிருந்த அக்லாயா எழுந்து வந்தார். லெனின்கிராடில் பிறந்து வளர்ந்தவர்.

"ஜனவரியில நான் இதத் திறந்திருந்தா எங்கம்மா என்னையில்ல வெளிய தள்ளியிருப்பாங்க" என்றார். "நீங்க கேமராவ ஓட விடுங்க."

ஜன்னல் படியில் ஏறினார். குட்டிக் கதவைத் திறந்து தலையை நுழைத்தார். தோள் நுழையவில்லை. ஒரு கையை மட்டும் எப்படியோ வெளியே விட்டார். அதில் கணவன் மறந்துவிட்டுப் போன மப்ளர்.

"கோல்யா, கழுத்துல சுத்திக்கிட்டாவது போ."

சிரிக்கத் தயாராக இருந்த விளக்குக்காரர்கள் யாரும் சிரிக்கவில்லை. காட்சி முடிந்த பிறகுதான் கொண்டை சட்டத்தில் மாட்டிக்கொண்டது தெரிந்தது. ஸவேலி ஏணி போட்டு ஒவ்வொரு ஊசியாகக் கழற்றி நடிகையை மீட்டார். அப்போது எல்லோரும் வஞ்சனையில்லாமல் சிரித்தார்கள்.

"நான் முதல்லயே இப்படித்தான் நினைச்சேன்" என்றார் இயக்குநர். அவர் காரியதரிசியைக் கூப்பிட்டார். "பெயர்ப் பட்டியல்ல இவங்களுக்கு முன்னாடி இருக்கிற 'உதவி'ய எடுத்துருங்க. எதிர்வீட்டு செட்டோட ஜன்னல்களையும் இதே மாதிரி ஒட்டச் சொல்லுங்க."

வகுப்பு மணி அடித்தது. அடித்த 'சிறு'வைத் திரும்ப எழுதலாமா என்று தாய்ஸியா யோசித்தாள். சரியாகத் தெரியாததால் அப்படியே விட்டுவிட்டு, கீழே எழுதினாள்:

நாளை: எதிர்வீட்டு ஜன்னல்கள் மூன்று. மாவு, பஞ்சு, பழைய செய்தித்தாள். கைப்பிடிக்கு நீளமான திருகாணி இரண்டு.