மனைவி கிளம்பப்போகும் சமையலறை

என் மனைவி பவுலின் திங்கட்கிழமையிலிருந்து ஸ்டூடியோவின் ஏழாவது படப்பிடிப்புத் தளத்தில் வசிக்கிறாள். தினமும் வேலைக்குப் போகும்போது பார்க்கிறேன். வீட்டில் பார்த்ததைவிட இது அதிகம்.

நான் பாரிஸில் பிரெஞ்சுப் படங்களுக்குக் கலை இயக்குநர். புதுச்சேரியிலிருந்து வந்து முப்பத்தொரு வருடங்கள் ஆகின்றன. நாற்பத்துமூன்று படங்களுக்கு செட் போட்டிருக்கிறேன். காமிராவுக்குத் தெரிவதை மட்டும் கட்டுவேன். தெரியாத இடத்தில் ஒரு சொட்டு பெயின்ட்கூட அடிக்க மாட்டேன். அதனால்தான் எனக்கு நல்ல பெயர்.

இப்போதைய படத்துக்கு, மனைவி விட்டுவிட்டுப் போகப்போகிற ஒரு சமையலறை வேண்டும் என்றார் இயக்குநர். எங்கள் வீட்டுச் சமையலறையை அப்படியே கட்டிக் கொடுத்தேன். வேறெதுவும் தோன்றவில்லை. இயக்குநர் பார்த்துவிட்டுக் கண்கலங்கினார். திங்கட்கிழமை பவுலின் பார்க்க வந்தாள். கைப்பையை மேசைமேல் வைத்தாள். பிறகு கிளம்பவில்லை. கடைசி இரண்டு காட்சிகளையும் அவளைச் சுற்றியே எடுத்தார்கள்.

படம் முடிந்தால் செட்டை உடைப்பது தொழில் வழக்கம். வியாழக்கிழமை என்று குறித்தார்கள். உடைப்பவர் காரைக்கால் மாலிக்.

"ஆள உள்ள வச்சிக்கிட்டு ஒடைக்க முடியாது சார். அக்காகிட்ட பேசுங்க."

பேசினேன்.

"வீட்டுக்குப் போலாம், பவுலின்."

"இதான் வீடு. இந்த லைட்டுக்குக் குளுரல."

"வியாழக்கெழம ஒடைச்சிடுவாங்க."

"கட்டினது நீங்க. நீங்கதான் ஏதாவது செய்யணும்."

அவளை இழந்துவிடுவேன் என்று பயமாக இருந்தது. ஸ்டூடியோ அலுவலகத்துக்கு நடந்தேன். தாழ்வாரம் நீண்டுகொண்டே போனது. மதியச் சாப்பாட்டை நடந்தபடியே முடித்தேன்.

அந்த அலுவலகமும் ஒரு பழைய படத்துக்காக நான் கட்டியதுதான். உடைக்க மறந்துவிட்டார்கள். அதனால் அதிகாரிகள் வந்து சேர்ந்துவிட்டார்கள்.

"ஒரே சமையலறை இரண்டு இருக்கக் கூடாது," என்றார் அங்கிருந்த அம்மாள். "ஒன்றை உடைத்தாக வேண்டும். எது அசல் என்று படிவத்தில் எழுதுங்கள்."

"படிவம் எங்கே?"

"இந்த இழுப்பறைக்குள். இது திறக்காது. நீங்கள் முன்பலகை மட்டும்தான் வைத்திருக்கிறீர்கள்."

"மன்னிக்க வேண்டும்."

"பன்னிரண்டு வருடமாக எல்லோரையும் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கிறேன்."

உள்ளங்கையில் எழுதிக் காட்டினேன். ஏழாவது தளத்தில் இருப்பது வீடு. வீட்டில் இருப்பது செட். அவர் என் கைமேலேயே முத்திரை குத்தினார்.

வியாழக்கிழமை மாலிக் எங்கள் வீட்டுக்கு வந்தார். கல்யாணமான புதிதில் நானே கட்டிய வீடு. சமையலறையை உடைக்க இருபது நிமிடம் ஆயிற்று.

"சார், சமையலறைக்கு மூணு செவுருதான் இருந்துச்சு."

"நாலாவது?"

"போடவே இல்ல. தோட்டத்துப் பக்கம் தொறந்தே கெடந்திருக்கு."

குளிருகிறது என்று பவுலின் ஒவ்வொரு டிசம்பரிலும் சொன்னாள். ஸ்வெட்டரைப் போட்டுக்கொள் என்று நான் ஒவ்வொரு டிசம்பரிலும் சொன்னேன். தெருவில் நின்று அழுதேன். மாலிக் சற்று நேரம் காத்திருந்துவிட்டுப் பலகைகளை லாரியில் ஏற்றினார்.

அவரிடம் நான்கு பலகைகளும் ஒரு சுத்தியலும் கேட்டு வாங்கிக்கொண்டு ஏழாவது தளத்துக்குப் போனேன். காமிரா நின்றிருந்த இடத்தில் நின்றேன். பவுலின் கத்திரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். அங்கிருந்து பார்க்க எல்லாம் சரியாக இருந்தது.

"என்ன அது?" என்றாள்.

"நாலாவது செவுரு."

அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"எந்தப் பக்கம் நின்னு அடிக்கப்போறீங்க?"

இதுவரை எந்தத் தயாரிப்பாளரும் என்னிடம் அதைக் கேட்டதில்லை. பலகைகளைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனேன்.

உள்ளேயிருந்து அடித்து எனக்குப் பழக்கமில்லை. முதல் ஆணி வளைந்துவிட்டது. பவுலின் கையைத் துடைத்துக்கொண்டு வந்து பலகையைப் பிடித்துக்கொண்டாள்.