மணி அடிக்காத டேப்லெட்

கையை வைத்துக்கொண்டு சும்மா இருக்கத் தெரியாது, அதுதான் அவன் வினை. செல்போன் ரிப்பேர் கடைக்காரனுக்கு ஞாயிற்றுக்கிழமையாவது படுத்துத் தூங்கினால் என்னவாம்? இரவு வேலை முடிந்து வந்த மனைவி உள்ளறையில் அடித்துப்போட்ட மாதிரி தூங்கிக்கொண்டிருந்தாள். டேப்லெட் ஆமையாக நகர்கிறது என்று காலையில் அலுத்துக்கொண்டாளே, எழுந்து பார்க்கும்போது புதுசாட்டம் ஓடட்டும் என்று அதை அவள் தலைமாட்டிலிருந்து நைசாக எடுத்துவந்து, மென்பொருளை அடியோடு அழித்துப் புதிதாக ஏற்றினான். கேட்கவும் இல்லை, சொல்லவும் இல்லை.

டேப்லெட் ஜோராக ஓடியது. சிக்னல்தான் இல்லை.

ஐஎம்இஐ என்கிறார்களே, கருவிக்கே உரிய பதினைந்து இலக்க எண், அது இருந்த இடத்தில் வரிசையாகப் பூஜ்யம். அது இல்லாத கருவிக்கு சிக்னல் கிடைக்காது. ஏற்றுவதற்கு முன்னால் அந்த எண்ணை நகல் எடுத்து வைக்க வேண்டும். கடைக்கு வரும் ஊரார் போனுக்கெல்லாம் தவறாமல் செய்வான். நம்ம வீட்டுச் சாமான்தானே என்று ஓர் இளக்காரம்!

மனைவியோ வீடு வீடாகப் போகும் நர்ஸ். தனியாக இருக்கும் நோயாளி யாராவது கழுத்தில் மாட்டியிருக்கும் அவசரப் பொத்தானை அமுக்கினால் மணி இந்த டேப்லெட்டில்தான் அடிக்கும். தூங்கினாலும் இன்றைக்கு அவள் பொறுப்பில் ஒரு முன்னாள் பஸ் டிரைவர். இதயம் பலவீனமான ஒண்டிக்கட்டை. அவர் இப்போது அமுக்கினால்?

முதுகு மூடியில் ஒட்டியிருந்த எண்ணைப் பார்த்து அவசரமாக ஏற்றினான். சிக்னல் வந்தது. அப்பாடா என்று நிமிர்வதற்குள் நர்ஸ் ஆபீசின் செயலி, 'பதிவு செய்யாத கருவி' என்று வெளியே தள்ளியது. மறுபடி முயன்றான். மறுபடியும் தள்ளியது. மூடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தவனுக்கு அப்புறம்தான் உறைத்தது. அட மடையா! போன மாதம் இதன் மூடி உடைந்தபோது, கடையில் கிடந்த செத்த டேப்லெட்டின் மூடியைக் கழற்றி மாட்டியது அவனேதான். இது அந்தச் செத்ததின் எண். உடைந்த மூடி என்றைக்கோ குப்பைக்குப் போய்விட்டது.

உள்ளறை வாசல்வரை போனான், திரும்பினான். தண்ணீர் குடித்தான். இன்னும் கொஞ்சம் முயன்று பார்ப்போமே, எழுப்பினால் கொன்றுபோடுவாளே என்று ஒரு மனசு. அந்த மனுஷன் மூச்சுக்குத் தவித்துக்கொண்டிருந்தால் என்று இன்னொரு மனசு. இப்படியே எத்தனை நடை நடந்தானோ, கடைசியில் அவள் தோளைத் தொட்டு, நடந்ததை ஒரே மூச்சில் கொட்டினான்.

அவள் திட்டவில்லை. அது இன்னும் பயமாக இருந்தது.

"நம்பர்தானே? டியூட்டி ஏறும்போதெல்லாம் ஆபீசுக்குச் சொல்றேன், மனப்பாடம். எழுதிக்கோங்க."

பதினைந்தையும் தடங்கல் இல்லாமல் சொன்னாள். ஏற்றினான். சிக்னல் வந்தது, செயலி திறந்தது, திறந்த கையோடு மணி அலறியது. ஒன்றல்ல, நான்கு அழைப்புகள் தேங்கிக் கிடந்தன. நான்கும் டிரைவருடையவை.

அவள் போன் போட்டாள். எடுக்கவில்லை. இன்னொரு தடவை போட்டாள். நீண்ட நேரம் அடித்து, எதன் மீதோ உரசும் சத்தத்தோடு எடுக்கப்பட்டது.

"பாத்ரூம்ல விழுந்துட்டேம்மா. ரொம்ப நேரமா தரையிலதான் கிடக்கேன், இப்பத்தான் ஊர்ந்து வந்து போனை எட்டினேன். அமுக்கி அமுக்கிப் பார்த்தேன். உனக்குத்தான் ஏதோ ஆயிடுச்சோன்னு ஒரே பயம்."

"எனக்கு ஒண்ணும் இல்லைங்க ஐயா. அசையாம இருங்க, இதோ வந்துட்டேன்."

பையை மாட்டிக்கொண்டு ஓடினாள். அவன் வண்டிச் சாவியோடு பின்னால் ஓடினான்.

"கொண்டுபோய் விட்டுட்டு வெளியிலயே நிக்கறேன்."

"நிக்க வேண்டாம், உள்ள வாங்க," என்றாள், திரும்பிப் பார்க்காமலே. "அவரைத் தூக்கணும். ஏன் வரலைன்னு அவர் கேட்பார். நீங்கதான் பதில் சொல்லணும்."