வைக்கோல் வள்ளத்துக்கு மந்திரித்த உப்பு

1

இந்தக் கதை என் விற்காத புத்தகங்களிலிருந்து முளைத்தது. ஐப்பசி மழைக்குப் பிறகு கட்டிலுக்கடியில் கிடந்த புத்தகக் கட்டைப் பிரித்தேன். பின்னட்டையில் என்னைப் புகழ்ந்திருந்த பத்தியை மட்டும் பூஞ்சணம் சுத்தமாகத் தின்றிருந்தது. என்னை இவ்வளவு ஆழ்ந்து படித்தவர் வேறு யாரும் இல்லை. அன்றைக்கே தூத்துக்குடியில் ஒரு கலை இயக்கத்தைத் தொடங்கிவிட்டேன். தேடிப் போகாதீர்கள், கிடைக்காது. இந்தக் கதைதான் அதன் அலுவலகம்.

பெயர் ஈரக்கூட்டம். பூஞ்சணத்தையும் காளானையும் உயிரோடு வளர்த்துச் சிற்பம் செய்கிறவர்கள். ஒரே ஒரு விதி: உயிரோடிருக்கும்வரைதான் அது படைப்பு. செத்ததைக் கண்காட்சியில் வைக்கக் கூடாது. (எழுதும்போது இந்த விதி எங்கே கொண்டுபோய் விடும் என்று எனக்குத் தெரியாது. சத்தியமாக.)

2

துறைமுகத்தில் கப்பல் ஊதியபோது டெல்பின் தன்

வேண்டாம். தூத்துக்குடிக் கதையென்றால் கப்பல் ஊதியே ஆக வேண்டுமா?

முத்துக்குளித்த பரம்பரையில் வந்த டெல்பின்

இதுவும் வேண்டாம். அவள் அப்பாவுக்கு லாரி புக்கிங் ஆபீசில் வேலை.

நேராகவே வருகிறேன். டெல்பின் ஈரக்கூட்டத்துக்காரி. ஒரு காலத்தில் பஞ்சு மூட்டை அடுக்கிவைத்த பழைய கிட்டங்கி ஒன்றில் மூங்கிலால் மீன்பிடி வள்ளம் போல ஒன்றைக் கட்டி, வைக்கோல் திணித்து, காளான் வித்து தூவி, ஈரச்சாக்கால் மூடி வைத்தாள். (முதலில் வாடகைக்கு எடுத்தது உப்புக் கிட்டங்கி. ஒன்றும் முளைக்கவில்லை. உப்பு பட்டால் காளான் செத்துவிடும். உப்பளம் சூழ்ந்த இந்த ஊரில் போய் இதைத் தொடங்கியது என் திமிர்.) இப்போது வள்ளம் முழுக்க வெள்ளை வெளேரென்று பூத்துவிட்டது. நாளை கண்காட்சி.

அவள் அம்மா அல்போன்சா மணப்பாட்டுக்காரி. கூடப்பிறந்தவர்கள் எல்லோரும் கடலுக்குப் போகிறவர்கள். அல்போன்சா இதுவரை கிட்டங்கிப் பக்கம் எட்டிப் பார்த்ததில்லை.

"வீட்டுல பூசணம் புடிச்சா நான் தொடப்பத்த எடுப்பேன். நீ அதுக்குத் தண்ணி தெளிச்சு வளக்கியாக்கும்!"

அல்போன்சாவை வெறுமனே திட்டுகிற அம்மாவாக எழுதிவிட்டேனோ என்று சந்தேகம் வந்தது. அதனால் அவளைக் கிட்டங்கிக்கு அனுப்பிவைத்தேன்.

3

சாயங்காலம் டெல்பின் டீ குடித்துவிட்டுத் திரும்பும்போது அம்மா வள்ளத்தருகே நிற்கிறாள். சாக்கு விலகிக் கிடக்கிறது. கையில் பிளாஸ்டிக் டப்பா.

"எம்மா, நீ எப்ப வந்த?"

"புது வள்ளம்னு ஒரு வார்த்த சொன்னியாளா? மந்திரிக்காத வள்ளத்த யாராவது எறக்குவாவளா? சாமியாரக் கூப்பிட்டா இத வள்ளம்னு ஒத்துக்கிடுவாரோ என்னமோ. அதான் மாதா கோயில்ல செபம் சொல்லி மந்திரிச்ச உப்ப நானே கொண்டாந்து தூவிட்டேன். இந்தத் தலைலருந்து அந்தத் தலை வரைக்கும்."

உப்பு விழுந்த இடமெல்லாம் நீர் கசிந்து, வெள்ளை சுருங்கத் தொடங்கியிருந்தது.

"நீதான இத பூசணம்னு சொன்ன?"

"சொன்னேன். இங்கன வந்து பாத்தம்லா. எங்க அண்ணன் வள்ளத்த விட ஒழுங்கா கெட்டி வச்சிருக்க."

டெல்பினுக்கு அழுகை வந்துவிட்டது. எனக்கும்தான், மறைப்பானேன்.

4

முடிவுக்கு வருவோம். உப்பு விழுந்த இடம் சிலுவை வடிவில் கருகி, கண்காட்சிக்கு வந்தவர்கள் வாயடைத்துப் போகிறார்கள். ரொம்ப அழகாக இருக்கிறது, அதனாலேயே அடித்துவிட்டேன். அல்லது மழை பெய்து, கூரை ஒழுகி, உப்பைக் கழுவிவிடுகிறது. தூத்துக்குடியில், கதாசிரியர் கேட்ட நேரத்தில் மழையா? அல்லது ஈரக்கூட்டத்து ஸ்டெபின் விதிப்படி வள்ளத்தை வெளியே தூக்கிப் போடுகிறான், புதுச் சேலை கட்டி வந்த அல்போன்சா ஏன் என்று கேட்கிறாள், டெல்பின்

(என்னால் இந்த வாக்கியத்தை முடிக்க முடியும். மனமில்லை.)

5

விதியை எழுதியவன் நான், நினைத்தால் மாற்றலாம். மாற்ற மாட்டேன். காலையில் வள்ளம் செத்திருக்கும். காளான் விஷயத்தில் நான் பொய் சொல்வதில்லை. ஆனால் மகள் செய்வதை ஒரு வேலை என்று அம்மா ஒத்துக்கொண்டது இந்த உப்பால்தான். உப்பைத் தூவிய அந்தக் கைதான் வள்ளத்தைக் கெடுத்தது என்று டெல்பின் அம்மாவிடம் சொல்வதா வேண்டாமா என்பதை நான் எழுதப் போவதில்லை.

டப்பாவின் அடியில் ஒரு கைப்பிடி மிச்சம் இருக்கிறது. அல்போன்சா அதையும் அள்ளிவிட்டாள்.

"கொஞ்சம் கெடக்கு. இதையும் போட்டுரட்டா மக்கா?"

டெல்பின் என்னைப் பார்க்கிறாள். நான் பேனாவை மூடிவிட்டேன். அம்மாவின் கை வள்ளத்துக்கு மேலே அப்படியே நிற்கிறது. பதில் சொல்லுங்கள்.