பெயர் போடாத பதிவு

1

இந்தக் கதை முழுக்க என் சரக்கு இல்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எல்லோரும் வேலையில்லாமல் வீட்டில் முடங்கிக் கிடந்த நாட்களில், எங்கள் பகுதி முகநூல் குழுவில் ஒரு பதிவு வந்தது: “நம்ம தெருவில் ஒரு கைக்குழந்தைக்குப் பால் பவுடர் தேவை. பெயர் கேட்காதீர்கள்.” அவ்வளவுதான். மிச்சமெல்லாம் நானாகக் கட்டியது.

2

ஊரே வெறிச்சோடிய அந்தக் கொடிய காலத்தில், ஒரு தாயின் கண்ணீர்…

(இதை இத்தோடு விட்டுவிடுகிறேன். அவள் அழவில்லை. குழந்தை மறுபடி பசித்து அழுதால் என்ன கொடுப்பது என்ற யோசனையிலேயே பொழுது போய்விட்டது.)

அவள் புருஷன் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். பள்ளிகளை மூடியதும் சம்பளம் நின்றுபோனது. “என்ன ஆனாலும் யார்கிட்டயும் கை நீட்டக் கூடாது” என்று அன்றைக்கே சொல்லிவிட்டார். அதனால்தான் பால் பவுடர் தீரப்போகிறது என்று அவரிடம் அவள் மூச்சு விடவில்லை. குழுவை நடத்தும் மருந்துக்கடை அக்காவிடம் சொல்லிப் பெயரில்லாமல் பதிவு போடவைத்தாள். இன்று காலையில் டப்பாவைச் சுரண்டிக் கரைத்ததுதான் கடைசி.

3

மத்தியானம் குழந்தையைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டிருந்தாள். வேன்காரர் கைபேசியோடு சமையலறைக்குள் வந்தார்.

“இதப் பாத்தியா? நம்ம தெருவுலதான் யாரோ.”

“ம்.”

“பாவம், எவ்வளவு தவிச்சுப்போயிருந்தா இப்படிக் கேட்டிருப்பாங்க.”

“கை நீட்டக் கூடாதும்பீங்களே.”

“அது நமக்கு. பச்சக் குழந்தைக்குக் கேக்கறதுல என்ன வெக்கம்?”

(முதல் வரைவில் இவரை முன்கோபியாகத்தான் எழுதினேன். மனுஷன் கத்த மாட்டேன் என்கிறார். இவ்வளவு நல்லவரா என்று சந்தேகப்படாதீர்கள். தனக்கொரு சட்டம், ஊருக்கொரு சட்டம் வைத்திருப்பவர்கள் ஏராளம். இவர் அதைத் தலைகீழாக வைத்திருக்கிறார், அவ்வளவுதான்.)

சொல்லிவிடலாம் என்று அவளுக்கு வாய் வரைக்கும் வந்துவிட்டது. அதற்குள் அவர் அலமாரியின் மேல்தட்டிலிருந்து டப்பாவை எட்டி எடுத்துவிட்டார்.

“இதுல பாதியக் குடுத்துருவோம். நம்மாளு கொஞ்சம் அனுசரிச்சுக்குவான்.”

“என்னங்க, அது வந்து…”

மூடியைத் திறந்தார்.

4

ஒரு முடிவில் அவர் முகம் சிறுத்து வெளியே போகிறார். இன்னொன்றில் இருவரும் கட்டிக்கொண்டு அழுகிறார்கள் (ஒரே சினிமா). இரண்டையும் அடித்துவிட்டேன்.

குழந்தையைப் பற்றிக் கவலை வேண்டாம். பதிவின் கீழே “நான் தர்றேன்”, “எங்க வீட்லயும் இருக்கு” என்று வந்துகொண்டே இருக்கிறது. அதில் நான் கை வைக்க மாட்டேன்.

எனக்கு எழுத வராதது வேறு. காலி டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு அவர் அவளைப் பார்க்கிறார். எல்லாம் புரிந்துவிட்டது. அவர் வாயிலிருந்து வரும் முதல் வார்த்தையில்தான், இனி இந்த வீட்டில் அவள் ஒரு கஷ்டத்தை வாய்விட்டுச் சொல்வாளா, மறைப்பாளா என்பது இருக்கிறது.

அந்த வார்த்தையை நீங்கள் கொடுங்கள். என்ன வேண்டுமானாலும் சொல்லட்டும், மெதுவாகச் சொல்லட்டும். குழந்தை இப்போதுதான் கண்ணயர்ந்தது.