பட்டறையில் துயில்கொண்டருளியவர்

தனார் சூரபாயாக்காரன். அந்த ஊர்க்காரர்கள் இரண்டு பேர் சந்தோஷமாக நலம் விசாரித்துக்கொண்டாலே, வழியில் போகிறவன் சண்டையை விலக்கிவிட ஓடி வருவான். அப்படிப்பட்டவன் காதலித்தது சோலோ நகரத்துப் பெண்ணை. சோலோவில் கோழியை விரட்டுகிறவர்கள்கூட முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்வார்கள்.

பெண்ணின் பெயர் அனிந்தியா. பல் மருத்துவர். ஆளை வாய் திறக்கச் சொல்லிவிட்டுப் பேசவிடாமல் செய்வது அவள் தொழில். தனாரையும் அப்படித்தான் வைத்திருந்தாள். "எங்கப்பா ரொம்பப் பழைய காலத்து மனுஷன். குரோமோ தவிர வேற எதுவும் அவர் காதுல ஏறாது. நீ அவர்கிட்ட ஒரு வார்த்தை ங்கோக்கோல பேசினாலும் நம்ம கதை முடிஞ்சுது" என்று சொல்லியிருந்தாள்.

ங்கோக்கோ என்பது ஜாவா மொழியில் தோழனிடமும் தம்பியிடமும் பேசுகிற பேச்சு. பெரியவர்கள் முன்னால் அது செல்லாது. அங்கே குரோமோ. குரல் மட்டும் பணிந்தால் போதாது, சொல்லே மாற வேண்டும். 'தின்னான்' என்பது 'அமுது செய்தருளினார்' ஆகிவிடும். அதுவும் அடுத்தவருக்குத்தான். 'நான் அமுது செய்தருளினேன்' என்று தன்னைப் பற்றிச் சொன்னால் பந்தியே சிரிக்கும். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு இதெல்லாம் வருவதில்லை. அவர்களுக்காகத்தான் யோக்யகார்த்தாவில் ஒரு பல்கலைக்கழகத்தின் பின்கட்டில் உட்கார்ந்து நாங்கள் மூன்று பேர் 'சோபான்' என்ற செயலியைச் செய்துகொண்டிருந்தோம். ங்கோக்கோவில் தட்டினால் குரோமோவில் எழுதித் தரும். குரோமோவைப் போட்டால் பொருளும் சொல்லும்.

எங்கள் தலைவி டாக்டர் கினாசி இலக்கணக்காரி. எந்தச் சொல்லுக்குப் பின் எது வரும், யாருக்கு எந்த வினை என்று விதி விதியாக எழுதி இயந்திரத்துக்குக் கொடுப்பார். தனாருக்கு விதிகளில் நம்பிக்கை கிடையாது. லட்சக்கணக்கான வாக்கியங்களை ஊட்டினால் இயந்திரம் தானே கற்றுக்கொள்ளும் என்பான்.

"இலக்கணம் படிச்சுட்டுத்தான் பேசணும்னா குழந்தை கல்யாணத்தன்னிக்குத்தான் வாயைத் தொறக்கும், மேடம்."

"உன் மிஷின் இவ்ளோ வாக்கியம் தின்னுச்சே, ராஜாவுக்கும் ரம்புத்தான் பழத்துக்கும் வித்தியாசம் தெரியுதா அதுக்கு?"

இருவருக்கும் நடுவில் நான். ஜாவாக்காரர்கள் எழுவாயைச் சொல்ல மாட்டார்கள். 'வந்தாச்சு, சாப்பிட்டாச்சு, தூங்கியாச்சு' என்பார்கள். வந்தது யார், தூங்கியது எது என்று கேட்பவர்தான் ஊகிக்க வேண்டும். ஒவ்வொரு வாக்கியத்திலும் ஒளிந்திருக்கும் ஆளைக் கண்டுபிடித்துக் குறித்துக் கொடுப்பது என் வேலை.

அனிந்தியாவின் அப்பா தர்சோனோவே ஒருநாள் தனாருக்குக் கைபேசியில் செய்தி அனுப்பிவிட்டார். சுத்தமான குரோமோ. தனாருக்குப் பாதி புரியவில்லை. சோபானை வைத்துப் பொருள் பார்த்தான், ங்கோக்கோவில் பதிலைத் தட்டினான், சோபான் தந்ததை அப்படியே அனுப்பினான். அவர் இன்னும் பணிவாகப் பதில் போட்டார். இவன் அதைவிடப் பணிந்தான். ஒருவர் காலில் ஒருவர் விழுந்துகொண்டே இரண்டு மாதம் ஓட்டினார்கள்.

ஒரு மத்தியானம் தனார் முகம் வெளுத்து எங்களிடம் ஓடி வந்தான்.

"மேடம், அனிந்தியாவோட அம்மாவுக்கு என்னமோ ஆயிடுச்சு. இதப் பாருங்க."

செய்தி இதுதான்: 'என் மனைவியார் மோட்டார்சைக்கிளில் சந்தைக்கு எழுந்தருளினார். வழியில் திருமேனி நலிவுற்று, தற்போது பட்டறையில் துயில்கொண்டருளுகிறார்.'

"பட்டறைல எதுக்குப் படுக்க வெச்சிருக்காங்க?" என்றேன்.

"அதத்தான்க்கா நானும் கேட்டேன். ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போகலாம்ல, பழம் வாங்கிட்டு வரட்டுமான்னு கேட்டேன். அதுக்கு அவர் பதில் போட்டிருக்கார் பாருங்க."

பதில் அதைவிட மோசம். 'கவலை வேண்டாம். மூப்பு எய்தியருளிவிட்டார். புகையும் அதிகம் வெளியிட்டருளுகிறார். இம்முறையும் தேறாவிடில் விற்றுவிட்டுப் புதிதாக ஒன்று வாங்க உத்தேசம்.'

"பொண்டாட்டிய விக்கிறதப் பத்தி எவ்ளோ மரியாதையா எழுதறாரு பாருங்க!" தனாருக்கு அழுகையே வந்துவிட்டது. "இந்தக் குடும்பத்துல போய் நான் எப்படிக்கா..."

கினாசி செய்தியை வாங்கிப் படித்தார். திரும்பப் படித்தார். பிறகு மிக அமைதியாக, "அது வண்டிடா" என்றார்.

"என்னது?"

"நோய்வாய்ப்பட்டது மோட்டார்சைக்கிள். பட்டறைல படுத்திருக்கறதும் அதுதான். அம்மா நல்லா இருக்காங்க. போய் வேலையப் பாரு."

தனார் நெஞ்சில் கை வைத்துக்கொண்டு போனான். கதவு மூடியதும் கினாசி என் பக்கம் திரும்பினார். சிரிப்பை அடக்கியதில் கண்ணில் நீர் கட்டியிருந்தது.

"உனக்குப் புரியுதா? குரோமோ தெரிஞ்ச எந்த மனுஷனும் வண்டிக்குத் 'திருமேனி' போட மாட்டான். எழுவாய் இல்லன்னா முன்னாடி வந்த பெரிய மனுஷங்களையே எழுவாயா வெச்சுக்கன்னு ஒரு விதி இருக்கு. பொண்டாட்டிக்குப் போட்ட மரியாதை அப்படியே வண்டி மேல ஏறியிருக்கு."

"அந்தத் தப்பு நம்ம சோபான்ல மட்டும்தானே வரும், மேடம்?"

"ஆமா. அந்த விதிய எழுதினது நான்." கொஞ்சம் வெட்கத்தோடு சொன்னார். "இத்தன நாளா அவன் வாக்கியங்கள்தான் காரணம்னு அவனத் திட்டிட்டிருந்தேன்."

ஆக, சோலோவில் பெரியவரும் சோபானில் தட்டிக்கொண்டிருந்தார். இரண்டு மாதமாக எங்கள் இயந்திரம் தன்னோடுதானே பேசித் தன்னையே வணங்கிக்கொண்டிருந்தது.

"தனார்கிட்ட சொல்லிடலாமா?"

"சொன்னா நமக்கு என்ன லாபம்?" என்றார் டாக்டர் கினாசி. இலக்கணக்காரர்கள் இவ்வளவு விஷமமானவர்கள் என்று எனக்கு அன்றுவரை தெரியாது.

பெண் பார்க்கப் போவதற்கு நாள் குறித்தவர் அனிந்தியாவின் அம்மா முர்தினி. ஜாவாப் பஞ்சாங்கத்துக் கிழமைகளை இருவரின் பிறந்தநாளோடும் சேர்த்துக் கூட்டிக் கழித்து ஒரு ஞாயிறு மாலையைச் சொல்லியிருந்தார். தனாருக்கு அதில் ஒரே ஒரு வருத்தம். அதே நேரத்தில்தான் சூரபாயாவும் சோலோவும் மோதும் கால்பந்து ஆட்டம். அதை வெளியே சொல்ல முடியுமா? துணைக்குப் பெரியவர்களாக எங்கள் இருவரையும் அழைத்துக்கொண்டு, பாக்பியா என்ற இனிப்புப் பலகாரப் பெட்டிகளோடு ரயிலேறினான். வழியெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு வாக்கியங்களை முணுமுணுத்தபடி வந்தான்.

தர்சோனோ ஆறடி ஆள். பாத்திக் சட்டையின் கழுத்துப் பொத்தான்வரை போட்டு மூச்சுத் திணறிக்கொண்டிருந்தார். முர்தினி தேநீர் வைத்துவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்தார். அனிந்தியா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

தனார் கைகூப்பி ஆரம்பித்தான். "அடியேன் ரயிலில் எழுந்தருளினேன்."

முர்தினியின் கண்கள் விரிந்தன. தர்சோனோ அசரவில்லை. "மிக்க மகிழ்ச்சி. அடியேனும் சற்றுமுன்தான் அமுது செய்தருளினேன்."

கினாசிக்கு இருமல் வந்துவிட்டது. நான் செராபி அப்பத்தை வாயில் திணித்துக்கொண்டேன். ஆண்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துத் தலையசைத்துக்கொண்டார்கள். அத்துடன் மனப்பாடம் தீர்ந்துபோயிற்று.

"மன்னிக்கணும்" என்று தர்சோனோ எழுந்து கழிவறைக்குப் போனார். கைபேசியோடுதான். திரும்பி வந்து புதிய வாக்கியம் ஒன்றைச் சொன்னார். உடனே தனார் கழிவறைக்குப் போனான். ஒரு பதிலோடு வந்தான். மறுபடி அவர் போனார். அந்த வீட்டில் அன்று பெரிய மரியாதை கழிவறைக்குத்தான்.

"ரெண்டு பேருக்கும் வயிறு சரியில்லையா?" என்று முர்தினி மகளிடம் மெல்லக் கேட்டார். கேட்ட விதத்திலேயே அந்த அம்மாளுக்கு எல்லாம் தெரியும் என்று தெரிந்தது.

தர்சோனோ திரும்பி வந்து உட்கார்ந்து வாயைத் திறந்தபோது பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சியிலிருந்து பெரும் ஆரவாரம் எழுந்தது.

"போட்டான்டா கோலு!" என்று தர்சோனோ நாற்காலியை விட்டுத் துள்ளினார்.

"கோல்கீப்பர் நாய் என்ன புல்லு புடுங்கிட்டு இருந்துச்சா!" என்று தனார் தொடையில் அடித்துக்கொண்டான்.

இருவரும் மெல்ல ஒருவர் பக்கம் ஒருவர் திரும்பினார்கள்.

"தம்பி, இப்ப என்ன சொன்ன?"

"நீங்க... நீங்க என்ன சொன்னீங்க?"

"உனக்குக் குரோமோ தெரியாதா?"

"உங்களுக்கு?"

"எனக்கா? நான் ஜாவாவுக்கு வெளிய, பாலிக்பாப்பான்ல எண்ணெய்க் கிணத்தடில வளந்தவன்டா! அங்க எவன் குரோமோ பேசினான்? நீதான் குரோமோவுக்கே மிஷின் செய்யற பெரிய படிப்பாளி, தப்பாப் பேசினா மதிக்க மாட்டேன்னு என் பொண்ணு சொன்னா."

"நீங்க தப்பாப் பேசினா பொண்ணு குடுக்க மாட்டீங்கன்னு என்கிட்ட சொன்னா! அப்ப அந்த மெசேஜ் எல்லாம்?"

"போன்ல ஒண்ணு போட்டுக் குடுத்தா. சோபான்னு பேரு. எவனோ வேலையத்தவன் செஞ்சிருக்கான். வண்டி ரிப்பேர்னு எழுதினா பழம் வாங்கிட்டு வரவான்னு பதில் வருது."

"அந்த வேலையத்தவங்க நாங்கதான்" என்றார் கினாசி.

எல்லோரும் அனிந்தியாவைப் பார்த்தோம். அவள் தலை நிமிரவில்லை. "ரெண்டு பேரும் ஊரறிஞ்ச வாயாடி. ஒருத்தர் சூரபாயா வெறியர், ஒருத்தர் சோலோ வெறியர். குரோமோல கெட்ட வார்த்தையே கிடையாது, திட்டிக்க முடியாது. கல்யாணம் வரைக்குமாவது சும்மா இருப்பீங்கன்னு நெனச்சேன்."

"நான் எதுக்குச் சண்டை போடப்போறேன்?" என்றார் தர்சோனோ. பிறகு தனாரிடம், "ஆமா, உங்க ஊர்ல கால் இருக்கிறவன் எவனும் ஆட்டத்துக்கு வரலையா?" என்றார்.

"மொதல்ல பாதி ஆட்டம் முடியட்டும் மாமா. உங்காளுங்களுக்கு மூச்சு வாங்கும், அப்பப் பாருங்க."

"வாடா பாக்கலாம்!"

இருவரும் செருப்பைக்கூட மாட்டாமல் பக்கத்து வீட்டுக்கு ஓடினார்கள். பெண் பார்க்க வந்த வீட்டில் பெண்ணும் நாங்களும் பாக்பியாவும் மிஞ்சினோம். முர்தினி மட்டும் தோள் குலுங்கச் சிரித்துக்கொண்டிருந்தார்.

ஆட்டம் முடிந்து அவர்கள் வந்தபோது தெருவே திரும்பிப் பார்த்தது.

"அது ஆஃப்சைடு!"

"உங்களுக்குக் கண்ணாடி மாத்தணும் மாமா!"

"யாருக்குடா கண்ணாடி? போடா, உனக்குப் பொண்ணும் கிடையாது, ஒண்ணும் கிடையாது!" தர்சோனோவின் குரலில் இப்போது விளையாட்டு இல்லை.

"உங்க டீமை மாதிரியே பேச்சும் கள்ளாட்டமா இருக்கே!" தனாரும் விடவில்லை. அவன் காது சிவந்திருந்தது.

அனிந்தியா எழுந்தாள். "ரெண்டு பேரும் வாயை மூடுங்கடா!"

விருந்தாளிகள் முன்னால், பெற்ற தகப்பனுக்கும் சேர்த்து 'டா'. அவள் நிறுத்தவில்லை. "ஆஃப்சைடாம், ஆஃப்சைடு! இங்க நான் ஒருத்தி காலைலேர்ந்து பொம்மை மாதிரி சிங்காரிச்சு உக்காந்திருக்கேன். உங்களுக்கு ஒரு தோல் பந்துதான் பெருசாப் போச்சா? மாடுங்களா!"

சொல்லி முடித்ததும் அவளே பயந்து வாயைப் பொத்திக்கொண்டாள்.

தர்சோனோ அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். "என் பொண்ணு" என்றார் கரகரத்த குரலில். "சின்னதுலேர்ந்து ஒரு தடவகூட என்கிட்ட சத்தம் போட்டதில்ல. ஊசி போடற டாக்டர் மாதிரி மெதுவாவே பேசுவா. இவ யாருக்குப் பொறந்தவளோன்னு நெனப்பேன். இன்னிக்குத்தான் சந்தேகம் தீந்துச்சு."

"நல்லாருக்கு பேச்சு" என்றார் முர்தினி.

தனார் அவசரமாக முன்னால் வந்தான். "மாமா, எனக்கு இவளக் கட்டிக்கணும். நல்லா வெச்சுக்குவேன். இதுக்கு மேல எப்படிச் சொல்றதுன்னு எனக்குத் தெரியல."

"இதச் சொல்றதுக்காடா ரெண்டு மாசம் என்னத் தட்ட வெச்ச?"

அப்போது முர்தினி தோள் துண்டைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். குரோமோவில் பேசினார். தண்ணீர் வழிந்தோடுவது போன்ற குரோமோ. ஒரு சொல் இன்னொரு சொல்லை இடிக்கவில்லை. புன்னகை மாறாமல் வெகு நேரம் பேசினார். தர்சோனோவும் தனாரும் பவ்வியமாகத் தலையாட்டிக்கொண்டே இருந்தார்கள். பேச்சு முடிந்ததும் இரண்டு தலைகளும் ஒன்றாகக் கினாசியின் பக்கம் திரும்பின.

"என்ன சொல்றாங்க?"

"சரின்னு சொல்றாங்க" என்றார் கினாசி.

"இவ்ளோ நேரம் பேசினது 'சரி'ங்கறதுக்கா?" என்றார் தர்சோனோ.

"இல்ல. 'சரி' கடைசி வார்த்தை. அதுக்கு முன்னாடி உங்க ரெண்டு பேரையும் பத்திப் பேசினாங்க. அத நான் சொல்ல மாட்டேன்."

திரும்பும் ரயிலில் தனார் பலகாரப் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு தூங்கிவிட்டான். கினாசி ஜன்னலோரம் உட்கார்ந்து, முர்தினி சொன்னதை வார்த்தை வார்த்தையாக நினைவிலிருந்து எடுத்து முணுமுணுத்துக்கொண்டே வந்தார். "இதுல ஒரு கெட்ட சொல் இல்ல. ஒரு வினைச்சொல்கூட மரியாதை குறையல" என்றார் என்னிடம். "அப்புறம் எங்கதான் இந்த மாதிரி குத்துது?"

பாதி வழியில் கிளாத்தேன் நிலையம் வந்தபோதும் அவர் தேடிக்கொண்டிருந்தார்.