அக்காவை முந்திய தங்கை

சட்டைக்கு அளவெடுக்கும்போதுதான் அக்காவுக்கு முதலில் உறுத்தியது. தையற்கடை வைத்திருப்பவள், தங்கையின் அளவைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவாள். அன்று நாடா வேறு கணக்குச் சொன்னது. தோள் முன்னால் வளைந்திருந்தது. விளக்குப் பக்கம் திரும்பச் சொல்லிப் பார்த்தாள். காதோரம் கொத்துக் கொத்தாக நரை.

“எத்தனை தடவை உள்ள போன?” என்றாள்.

தன் முறைக்கு மட்டும்தான் போனதாகத் தங்கை சொன்னாள். பொய் சொன்னால் அவளுக்கு மூக்கு நுனியைத் தேய்க்கிற பழக்கம். தேய்த்தாள்.

தங்கை கண்டுபிடிப்பாளர் சங்கத்தில் உறுப்பினர். மூடிப்போன ஐஸ் ஃபேக்டரி ஒன்றில் சங்கம் நடந்தது. உறுப்பினர்கள் எல்லோரும் சேர்ந்து செய்த இயந்திரம் ஒன்று அங்கே இருந்தது. பீரோ அளவு, உள்ளே செப்புக் கம்பிச் சுருள். மின்சாரத்தைத் தின்று நேரத்தைக் கக்கும். எப்படி என்று கேட்டால் ஆளுக்கொரு விளக்கம் சொல்வார்கள். வேலை செய்கிறது என்பதில் மட்டும் சண்டை இல்லை. அதற்கு உலை என்று பெயர். அதை ஒட்டிய அறைக்குள் ஒருவர் காலையில் போய் மாலையில் திரும்பினால், உள்ளே அவருக்கு அரை வருடம் ஓடியிருக்கும். மூட்டை கட்டிக்கொண்டு போவார்கள். பாதியில் நின்ற கண்டுபிடிப்பை முடித்துக்கொண்டு வருவார்கள். ஆளுக்கு வருடத்தில் ஒரு முறை. அந்த அளவோடு நின்றால் உடம்புக்குப் பெரிதாக ஒன்றும் தெரியாது.

தங்கை செய்துகொண்டிருந்தது காலால் மிதிக்கிற தண்ணீர்ப் பம்பு. அவர்கள் குடியிருந்த கட்டிடத்தில் குழாய்த் தண்ணீர் தரைத்தளத்தோடு நின்றுவிடும். நாலாவது மாடிக்கு வாளி தூக்கித் தூக்கி அக்காவின் முழங்கால் தேய்ந்துபோயிருந்தது.

மறுநாள் மதியம் அக்கா கடையைச் சாத்திவிட்டுச் சங்கத்துக்குப் போனாள். செயலாளர் கடிகாரம் பழுது பார்க்கிறவர், சாது. தங்கை அன்றும் காலையிலேயே உள்ளே போய்விட்டதாகத் தயங்கித் தயங்கிச் சொன்னார். குடும்பம் குட்டி உள்ளவர்கள் அரை வருடம் தனியாகக் கிடக்க முடியாது என்று தங்கள் முறையை அவளுக்கு விட்டுக்கொடுத்திருந்தார்கள். பெரிய உபகாரம் செய்வதாகத்தான் ஒவ்வொருவரும் நினைத்தார்கள். மொத்தம் எத்தனை என்று யாரும் கூட்டிப் பார்க்கவில்லை. அக்கா கேட்டபோது அவர் விரல் விட்டு எண்ணினார். ஒரு கை முடிந்து அடுத்த கைக்குப் போனதும் நிறுத்திக்கொண்டார்.

“எனக்கு அவ ரெண்டு வயசு சின்னவ. அப்படின்னா இப்ப எனக்கு மூத்தவளா?”

உலை அவள் ஆயுளுக்கே உலை வைத்துவிட்டது என்றாள் அக்கா. வெளியிலிருந்து கூப்பிட்டால் உள்ளே கேட்காது. விதிப்படி உறுப்பினர் அல்லாதவர் போகக் கூடாது. ஆனாலும் செயலாளர் சாவியை எடுத்தார்.

“உள்ள இருக்கிற நேரம் உங்களுக்கும் வயசுல சேரும்மா. பாத்துக்கோங்க” என்றார்.

அறையில் இயந்திர எண்ணெய் வாசனை. கயிற்றில் துணி காய்ந்துகொண்டிருந்தது. தங்கை தரையில் உட்கார்ந்து ஒரு வால்வைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்தவள் எழுந்து வந்து அக்காவின் கன்னத்தை விரலால் அழுத்திப் பார்த்தாள்.

“நெஜமாவே வந்திருக்கியா?”

வழியெல்லாம் கோத்து வைத்திருந்த திட்டை அக்கா மறந்தே போனாள். அந்த அறையில் பேச்சுத் துணைக்கு ஒரு ஈ கூட இல்லை.

உடனே இழுத்துக்கொண்டு வர முடியவில்லை. அக்கா இரண்டு நாள் அங்கேயே தங்கினாள். சமைத்தாள். தங்கை கவனித்துச் சாப்பிட்டு எத்தனையோ காலம் ஆனது போலிருந்தது. இருவரும் உப்பு அதிகம் என்று சண்டை போட்டார்கள், சமாதானமானார்கள். என் முழங்காலுக்காகவா இந்தக் கூத்து என்று அக்கா கேட்டாள். முதலில் அதற்காகத்தான், அப்புறம் இல்லை, வேலையைப் பாதியில் விட மனம் வரவில்லை என்றாள் தங்கை. இந்த முறை மூக்கைத் தொடவில்லை.

“வீட்டுக்கு வந்து செய்” என்றாள் அக்கா.

“வெளிய செஞ்சா வருஷக்கணக்குல இழுக்கும்.”

“இழுக்கட்டும். அங்கன்னா எனக்கும் சேந்து வயசாகும். இங்க நீ மட்டும் தனியா கிழவியாகிட்டிருக்க.”

தங்கை வால்வைத் துடைத்துத் துணியில் சுற்றினாள். பிறகு சாமான்களை ஒவ்வொன்றாகச் சாக்கில் போட ஆரம்பித்தாள். இருவரும் வெளியே வந்தபோது, அக்கா உள்ளே போனதும் செயலாளர் ஊற்றிக்கொண்ட டீ இன்னும் முழுதாக ஆறவில்லை.

அடுத்த கூட்டத்தில், முறையை யாருக்கும் விட்டுக்கொடுக்கக் கூடாது என்று சங்கம் முடிவு செய்தது. தங்கை ஒரு வாரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள். அப்புறம் தையற்கடையின் பின்பக்கத்தில் ஒரு மூலையைப் பிடித்துக்கொண்டாள். துணி மேல் எண்ணெய் படுகிறது என்று அக்கா கத்துவாள்; நூல் பல்சக்கரத்தில் சிக்குகிறது என்று தங்கை கத்துவாள்.

பம்பு முடிய, அவள் பயந்தபடியே வருடங்கள் ஆயின. ஒரு ஞாயிற்றுக்கிழமை கட்டிடத்துச் சனமெல்லாம் கூடி நிற்க, தங்கை மிதித்தாள். தண்ணீர் முதல் மாடி ஏறியது, இரண்டாவது ஏறியது, மூன்றாவதுக்கு வந்து கொட்டியது. நாலாவதுக்கு மட்டும் ஏற மாட்டேன் என்றது. எவ்வளவு மிதித்தும் குழாய் வெறும் காற்றைத்தான் ஊதியது.

மூன்றாம் மாடியில் இருந்த பிரசவ நர்ஸுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. இனி இவர்கள் இருவரும் தன் வீட்டுக் குழாயிலேயே பிடித்துக்கொள்ளலாம் என்றாள். அன்றிலிருந்து அக்காவும் தங்கையும் ஒரே ஒரு மாடிக்குத்தான் வாளி தூக்கினார்கள். அக்காவின் முழங்கால் அதைத் தாங்கியது. அந்தக் கடைசி மாடிக்குத் தண்ணீர் ஏன் ஏறவில்லை என்று தங்கை யோசித்துக்கொண்டிருந்தாள், அவசரப்படவில்லை.